வில்லன் வீட்டுப் படியேற்றம்

மீசையை எடுக்க மாட்டேன் என்று பிடியோங் அண்ணன் சொல்லிவிட்டார். மறுநாள் அவர் வீட்டுக்கு மாப்பிள்ளை வீட்டார் பெண் கேட்டுப் படியேற வருகிறார்கள். எங்கள் சாந்தா அனாப் பேட்டையில் மழை பிடித்து அன்றைக்கு மூன்றாவது நாள். நான் பக்கத்து வீட்டுச் சன்னலில் உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டே எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தேன். ஒட்டுக்கேட்டேன் என்று யாரும் நினைக்க வேண்டாம். கொன்சிங் மதினி வாயைத் திறந்தால் ஆற்றுக்கு அந்தக் கரையில் துணி துவைக்கிறவளுக்கும் கேட்கும்.

"ஒரு பிடி மசுருதானய்யா? மறுபடி முளைக்காதா?"

"முளைக்கும். திங்கக்கிழம காலைல ஷூட்டிங்குக்குள்ள முளைச்சுருமா? பாதிப் படம் எடுத்தாச்சுடி. கதவத் தொறக்குறப்ப மீசையோட தொறந்துட்டு, உள்ள போறப்ப மீசையில்லாம போனா ஜனங்க சிரிச்சுத் தொலைக்கும்."

"ஒட்டு மீச வச்சுக்கயேன்."

"ஒட்டு மீச வச்சு நடிக்கிற ஆளு நான் இல்ல."

"ஆமா, பெரிய நடிகன்! பியானோவத் தட்டிக்கிட்டு ஒழுங்கா இருந்த மனுசன். அந்த மூஞ்சியோட நாளைக்கு மாடிப்படி உச்சில நின்னேன்னு வையி, வர்ற சனம் அப்படியே புலக்கானுக்கு ஓடிப்போயிரும். நம்ம பொண்ணு செண்டாவுக்கு இருபத்தெட்டு வயசு. ஞாபகம் இருக்கா?"

பியானோவில் இரண்டு கட்டையைத் தட்டும் சத்தம் மட்டும் வந்தது.

அவருடைய முழுப்பெயர் எல்பிடியோ கபிக்டிங். பதினாலு வயதில் ஊமைப் படத்துக்குத் திரையின் கீழே உட்கார்ந்து பியானோ வாசிக்கத் தொடங்கியவர். படம் பேச ஆரம்பித்ததும் அந்த வேலை போயிற்று. ஜப்பான்காரன் காலத்தில் படம் எடுக்க முடியாமல் மேடையில் ஆட்டமும் பாட்டும் நடந்தபோது, பட்டினி வயிற்றோடு வந்து உட்கார்ந்த கூட்டத்துக்கு வாசித்தார். சண்டை முடிந்து ஸ்டூடியோக்கள் மறுபடி திறந்ததிலிருந்து படங்களுக்கு இசை. பத்து வருடத்தில் அறுபது படங்களுக்கு மேல் இருக்கும். எல்லாமே சாப்பாட்டு மேசையில், சோற்றுத் தட்டை ஓரமாகத் தள்ளிவிட்டு எழுதியவைதான். அடுத்த படத்தில் யார் சாகப்போகிறார்கள் என்பது எங்கள் தெருவுக்கு ஒரு வாரம் முன்னாலேயே தெரிந்துவிடும், ஏனென்றால் அவர் முனகிக்கொண்டேதான் எழுதுவார். நான் அவருடைய வாத்தியக் கோஷ்டியில் டபுள் பாஸ் என்னும் ஆளுயரத் தந்தி வாத்தியம் வாசிக்கிறவன். குலாஸ் என்று கேட்டால் ஸ்டூடியோ வாசலில் கருவாடு பொரிக்கிறவள் கூடச் சொல்வாள், நான் எங்கே தூங்கிக்கொண்டிருப்பேன் என்று.

அவர் நடிகரானது ஒரு கூத்து. வில்லன் வேடம் போட வேண்டியவனுக்குப் பொன்னுக்கு வீங்கி, கன்னம் பலாப்பழமாகிவிட்டது. அதே நேரம் அண்ணன் ஒலிப்பதிவு அறையில் தப்பாக ஊதிய டிராம்போன்காரனை முறைத்துக்கொண்டிருந்தார். எட்டிப்பார்த்த டைரக்டர், "அந்த மூஞ்சிய அப்படியே வச்சுக்கிட்டு என்கூட வாய்யா" என்று இழுத்துக்கொண்டு போனார். வந்தது வினை. படம் ஓட்டமாக ஓடியது. ஸ்டூடியோ அவருக்கு நடிப்புக்கென்று வேறொரு பெயர் வைத்தது. அதனால் இசைக்காரரும் வில்லனும் ஒரே ஆள் என்பது வெளியூர்க்காரர்களுக்குத் தெரியாது.

ஆனால் உள்ளூருக்குத் தெரியுமே! அந்தப் படத்தில் கண் தெரியாத தாயைக் கன்னத்தில் அறைவார். படம் வந்த மறுநாள் மீன்காரி, "பெத்தவள அடிச்சவன் வயித்துக்கு என் மீன் போகக் கூடாது" என்று சொல்லி மதினியின் கூடையிலிருந்த மீனைத் திரும்ப எடுத்துக்கொண்டாள். போதாக்குறைக்குக் கூடப் போன அண்ணன் மேல் ஒரு கை ஐஸை அள்ளி வீசினாள். மதினி அழுதுகொண்டே வீட்டுக்கு வந்தாள். அண்ணனோ தோளில் ஐஸ் ஈரத்தோடு என் வீட்டுக்கு வந்து சிரித்தார். அப்படி அவர் சிரித்து நான் பார்த்ததில்லை.

"பத்து வருசமா ஜனத்துக்கு முதுகக் காட்டிக்கிட்டு வேல பாத்தேன், குலாஸு. என் பாட்ட முணுமுணுத்துக்கிட்டே என்னை இடிச்சுட்டுப் போவான், யாருன்னு தெரியாது. ஒரே ஒரு தடவ அடிச்சேன். ஐஸ் வீசுறாங்கடா!"

உண்மையைச் சொன்னால் அந்த அடி அவர் அடித்ததே இல்லை, நான் அடித்தது. படம் எடுக்கும்போது அவர் கை, தாய் வேடம் போட்ட அம்மாளின் கன்னத்துக்கு ஒரு சாண் முன்னாலேயே நின்றுவிடும். சத்தத்தைப் பிறகு சேர்க்க வேண்டும். எங்கள் ஒலிப்பதிவு அப்படித்தான்: சுவரில் படம் ஓடும், பதினெட்டுப் பேரும் அதைப் பார்த்துக்கொண்டே வாசிப்போம், ஒருவன் தப்பு செய்தாலும் ரீலை முதலிலிருந்து ஓட்ட வேண்டும். அன்றைக்கு என் வாத்தியத்துக்கு வேலையில்லாத இடம் பார்த்து, தண்ணீரில் ஊறவைத்த தோல் செருப்பு ஒன்றை என் கையில் கொடுத்தார் அண்ணன். என் தொடையில் நானே ஓங்கி அடித்தேன். நாலு தடவை எடுத்தார்கள். ஒரு வாரம் நொண்டினேன்.

மாப்பிள்ளை சாந்தோ தங்கமான பையன். அச்சகத்தில் வேலை. புலக்கான் பக்கத்தில் உப்பங்கழி ஊர். தன் ஊர் பேண்டில் கிளாரினெட் வாசிப்பான், அவன் அப்பா அந்த பேண்டுக்குத் தலைவராக இருந்து எட்டு வருடம் முன் இறந்தவர். எங்கள் ஊரில் பெண் கேட்கிறவன் பெண் வீட்டில் கொஞ்ச காலம் வேலை செய்துகாட்ட வேண்டும். தண்ணீர் சுமப்பது, விறகு பிளப்பது. பிடியோங் அண்ணன் வீட்டிலோ குழாயும் மண்ணெண்ணெய் அடுப்பும் வந்துவிட்டன. அவர் யோசித்துவிட்டு பையன் முன்னால் ஒரு கட்டு இசைத்தாளைப் போட்டார். ஒரு வருடம், ஒவ்வொரு ஞாயிறும், பதினெட்டு வாத்தியத்துக்கும் தனித்தனியாகப் படி எடுத்தான் பாவி. விறகே பிளந்திருக்கலாம் என்று நான் சொன்னேன். அவன் கையெழுத்து அழகு. மேசைக்கு எதிர்ப்பக்கம் செண்டா பள்ளிக்கூட நோட்டுகளைத் திருத்திக்கொண்டிருப்பாள். அவ்வளவுதான் அவர்கள் காதல்.

ஒரே ஒரு தப்பு செய்தான். பெண்ணின் அப்பா சினிமாவுக்குப் பாட்டுப் போடுகிறவர் என்று மட்டும் தாயிடம் சொல்லியிருந்தான். வில்லன் விஷயத்தைச் சொல்லவில்லை. அவன் தாய் எபாங் அம்மாள் அந்தப் படத்தை மூன்று தடவை பார்த்தவள்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் மூன்று மணிக்கு வந்தார்கள். பாசிக் ஆறு பொங்கித் தெருவில் கணுக்கால் அளவு தண்ணீர். ஜீப் தெருமுனையோடு நின்றுவிட்டது. ஏழு பேர் வரிசையாகத் தண்ணீரில் நடந்து வந்தார்கள். முன்னால் எபாங் அம்மாள், கறுப்புக் குடை, ஒரு கையில் பாவாடையைத் தூக்கிப் பிடித்தபடி. பின்னால் முழுப் பன்றியை மூங்கிலில் கோத்துத் தோளில் சுமந்த இரண்டு மாமன்கள், சேமியாக் கூடையும் வாழையிலையில் கட்டிய அரிசிப் பலகாரமும் தூக்கிய அத்தைகள். கடைசியில் சாந்தோ, அம்மா கையால் புளிக்க வைத்த பனங்காடி ஜாடியை மார்போடு அணைத்துக்கொண்டு வந்தான்.

படியேறுவது என்றால் வெறும் படி ஏறுவது அல்ல. பையன் வீட்டார் ஏறிவிட்டால் பாதிக் கல்யாணம் முடிந்த மாதிரி. பெண் வீட்டார் மேலேயே நிற்க வேண்டும். இறங்கிப் போய்க் கூப்பிட்டால், பெண்ணைத் தள்ளிவிடப் பார்க்கிறார்கள் என்று தெரு பத்து வருடம் பேசும். அதனால் அண்ணன் படி உச்சியில் நின்றார். அன்னாசி நார்ச் சட்டை, எண்ணெய் போட்டு வாரிய தலை, அந்த மீசை. பக்கத்து வீட்டுக்காரன் என்ற உரிமையில் நானும் அவர் பின்னால் நின்றேன்.

"வீட்டுல யாரு?" என்று கீழேயிருந்து குரல் கொடுத்தாள் எபாங் அம்மாள்.

"மேல வாங்க, மேல வாங்க" என்றார் அண்ணன்.

அவள் குடையைச் சாய்த்து நிமிர்ந்து பார்த்தாள். பார்த்தவள் அப்படியே நின்றுவிட்டாள்.

"டேய் சாந்தோ. இது யாருடா?"

"செண்டாவோட அப்பாதாம்மா."

"பாட்டுப் போடுறவருன்னு சொன்ன?"

"பாட்டும் போடுவாரும்மா."

"இவன் அந்தப் பாதகன்டா! குருட்டுத் தாய அறைஞ்சவன்!" குடை மூடிக்கொண்டது. "இந்த வீட்டுப் படியில என் கால் படாது. திரும்புங்க எல்லாரும்."

மாமன்கள் பன்றியோடு திரும்ப முயன்றார்கள். தெரு குறுகல், மூங்கில் நீளம். எதிர்வீட்டுச் சன்னலில் இடித்து நின்றார்கள்.

"அது நடிப்பு சம்பந்தி!" என்று கத்தினாள் கொன்சிங். "நெசமா இல்ல!"

"நடிப்பா? அடி விழுந்த சத்தம் எங்காதுல இன்னும் கேக்குது. பொய்யா அடிச்சா அப்படிச் சத்தம் வருமா? எனக்குத் தெரியும், எது நெச அடின்னு."

சாந்தோ நகரவில்லை. "அம்மா, நான் வரல."

"வரலன்னா இனிமே என் வீட்டுப் படியும் ஏறாத."

செண்டா சன்னலில் நின்றுகொண்டிருந்தாள். நாலு வருடம் முன்னாலும் ஒரு வரன், சினிமாக்காரன் வீடு என்று பாதி வழியில் திரும்பிப் போயிருக்கிறது. அன்றைக்கும் அவள் இதே சன்னலில்தான் நின்றாள்.

மதினி என் சட்டையைப் பிடித்து உலுக்கினாள். "குலாஸு, வாயில என்ன கொழுக்கட்டையா? செருப்பு சங்கதியச் சொல்லித் தொலையேன்டா! நீதான் அடிச்சேன்னு சொல்லு!"

நான் வாயைத் திறந்தேன். அண்ணன் திரும்பி என்னைப் பார்த்தார். டிராம்போன்காரன் பார்த்த அதே முகம்.

"சொன்ன, இனிமே என் கோஷ்டில உனக்கு எடமில்ல."

"அண்ணே, பொண்ணு வாழ்க்கண்ணே!"

"தெரியும்டா. அந்தம்மா மூணு தடவ போயிப் பாத்துச்சுன்னு சாந்தோவே சொல்லிருக்கான். அது செருப்புன்னு சொல்லிட்டா அந்தம்மா பாத்த படத்துல மிச்சம் என்ன இருக்கும்? நான் அடிச்சேன்னு நம்பவச்சது நான். இப்ப பொண்ணுக்குக் கல்யாணம்னதும், இல்லம்மா எல்லாம் பொய்யின்னு காலுல விழச் சொல்றியா?"

"அப்பா" என்றாள் செண்டா. முதல் தடவையாகப் பேசினாள். "செருப்பு கிருப்பு எனக்குத் தெரியாது. நீங்க இழுத்து வச்சது. நீங்களே போயிப் பேசுங்க."

"எறங்காதய்யா!" என்றாள் மதினி. "எறங்குனா மானம் போயிரும்!"

அண்ணன் பளபளவென்று துடைத்த பூட்ஸைக் கழற்றவில்லை. அப்படியே இறங்கினார். பன்னிரண்டு படியும் இறங்கித் தண்ணீரில் நின்றார். எதிர்வீட்டுச் சன்னல்கள் எல்லாம் திறந்துகொண்டன. நானும் நாலு படி இறங்கினேன், கேட்க வேண்டுமே.

"நான்தான் அடிச்சேன்" என்றார். "இல்லேன்னு சொல்ல மாட்டேன்."

எபாங் அம்மாள் இதை எதிர்பார்க்கவில்லை. "வெக்கமில்லாம சொல்றியே!"

"அடிச்சதுக்குத் தண்டனையும் வாங்கிட்டேன். பதினோராவது ரீலுல சுட்டுக் கொன்னாங்க. பாத்தீங்கள்ல?"

"பாத்தேன்."

"எப்படிச் செத்தேன்?"

"வயக்காட்டுச் சேத்துல கெடந்து செத்த. ரொம்ப நேரம். வாயத் தொறந்து தொறந்து மூடுன. ஒண்ணுமே கேக்கல."

"பாட்டு கேட்டுச்சா?"

அவள் யோசித்தாள். "இல்ல. அந்தத் தாய் சாகுறப்ப வயலின் கதறுச்சு. தியேட்டரே அழுதுச்சு. உனக்கு ஒண்ணும் கேக்கல. ஒரு நாய் கூட ஊளையிடல."

உண்மைதான். அன்றைக்கு அந்த ரீல் சுவரில் ஓட ஆரம்பித்ததும் நாங்கள் வாத்தியத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு காத்திருந்தோம். சாந்தோ படி எடுத்துத் தந்த தாளில் அந்த இடம் முழுக்க வெறுமையாக இருந்தது. டைரக்டர் ஓடிவந்து, கதாநாயகன் ஜெயிச்சுட்டான், டிரம்பெட் எங்கே, என்று குதித்தார். அண்ணன் குச்சியைக் கீழே வைத்துவிட்டார். இரண்டு நிமிடம் நாங்கள் பதினெட்டுப் பேரும் சும்மா உட்கார்ந்து அவர் சாவதைப் பார்த்தோம். அவரும் பார்த்தார்.

"அந்த வயலின் நான் எழுதுனது" என்றார் அண்ணன். "அந்தப் படத்துல யாருக்கு எப்ப வாசிக்கணும்னு முடிவு பண்ணுனது நான்தான். எல்லாருக்கும் குடுத்தேன். பெத்தவ மேல கை நீட்டுனவனுக்கு ஒரு சின்ன மணிச் சத்தம் கூடக் குடுக்க மனசு வரல. அவன் நானாவே இருந்தாலும் சரி."

மழை வலுத்தது. எபாங் அம்மாள் குடையை விரிக்க மறந்து நின்றாள்.

"தாயோட சாவுக்கு அழுகுறதுக்குத்தான் மூணு தடவ போனீங்களா?" என்று கேட்டார் அண்ணன். குரல் இறங்கியிருந்தது.

"அதுக்கா? போய்யா." அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். மழையைத்தான் துடைத்தாள் என்று அப்போது நினைத்தேன். "நீ சாகுறதப் பாக்கப் போனேன்."

அவள் சாந்தோவைக் கையால் காட்டினாள்.

"இவங்கப்பாவும் அடிப்பாரு. கை ஓங்குறதுக்கு முன்னால மோதிரத்தக் கழட்டி வைப்பாரு, அந்த அளவுக்கு நிதானம். இருபத்தோரு வருசம். செத்தப்ப ஊர் பேண்டு முழுக்கத் தெருவுல எறங்கிருச்சு. வீட்டுலேருந்து கோயில், கோயில்லேருந்து கல்லறை. வழி நெடுக அப்படி ஒரு வாசிப்பு. கேட்டுக் கேட்டு சனமெல்லாம் அழுதாங்க. எப்பேர்ப்பட்ட மனுசன், எப்பேர்ப்பட்ட மனுசன்னாங்க. நானும் அழுதேன். அந்த வாசிப்புக்கு யாருக்கும் அழுகை வரும். வீட்டுக்கு வந்து ஒக்காந்தப்பதான் எதுக்குடி அழுதேன்னு எம்மேலயே ஆத்திரமா வந்துச்சு."

"அம்மா..." என்றான் சாந்தோ.

"நீயும்தான் வாசிச்ச. உன்னச் சொல்லல. பதினேழு வயசு, உனக்கென்ன தெரியும்?" அவள் பிடியோங் அண்ணன் பக்கம் திரும்பினாள். "அதுக்கப்புறம்தான் அந்தப் படம் வந்துச்சு. ஒரு சத்தமும் இல்லாம நீ சேத்துல கெடந்த. அப்பாடான்னு இருந்துச்சு எனக்கு. இத யாரு கண்டுபிடிச்சதுன்னு தெரியாமயே மூணு தடவ போனேன்."

அறுபது படத்துக்கு எழுதிய அண்ணன், எழுதாமல் விட்ட இரண்டு நிமிடத்துக்கு இப்படி ஒரு வார்த்தையை நடுத்தெருவில் தண்ணீருக்குள் நின்று கேட்டார். மேலே மதினி தோள் சால்வையால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள்.

"இப்ப நடிக்கிற படத்துலயும் இப்படித்தானா?" என்று கேட்டாள் எபாங் அம்மாள்.

"இதவிட மோசமான ஆளு."

"சாகுறியா?"

"சாகுறேன்."

"வாசிப்பு?"

"கெடையாது."

அவள் தலையை ஆட்டினாள். சந்தையில் மீனின் செவுளைத் தூக்கிப் பார்த்துவிட்டு ஆட்டுவது போன்ற ஆட்டல்தான். பிறகு பாவாடையை இடுப்பில் சொருகிக்கொண்டு ஈரப் படியைப் பார்த்தாள்.

"எந்தக் கையால அடிச்ச?"

"வலது கையால."

"அதையே குடு. வழுக்குது."

அண்ணன் வலது கையை நீட்டினார். அதை இறுக்கிப் பிடித்துக்கொண்டு எபாங் அம்மாள் படியேறினாள்.